பதிவேட்டில் ஓர் ஆடு

மிரிட்டினி நிலையத்தில்
முதலில் பெட்டிகள் தரையில் உட்கார வேண்டும்.
இரண்டு வரிசை, கைப்பிடி மேலே பார்த்தபடி.
ஆட்கள் மஞ்சள் கோட்டுக்கு இந்தப் பக்கம்.
கோட்டை மிதித்தால் குற்றம்,
நான் மிதித்தாலும்.

அந்த இரண்டு நிமிடம்
யாரும் பேசுவதில்லை.
அவரவர் பையை
அவரவர் அடங்காப் பிள்ளையைப்போல் பார்ப்பார்கள்,
என்ன செய்துவைத்திருக்கிறதோ என்று.

கிலோன்ஸோவின் நாய் வரும்.
பெயர் துஃபானி.
மாம்பழக் கூடையைத் தாண்டும்,
பொரித்த மீன் பொட்டலத்தில் அரை நொடி நிற்கும்,
கிலோன்ஸோ அதைப் பார்க்காததுபோல் இருப்பான்.
அல்வா டப்பா, கங்கா துணி மூட்டை,
கிட்டார் உறை, குழந்தையின் ஒற்றைச் செருப்பு.
அது தேடுவது ஒரே ஒரு வாசனை.
நான்கு வருடமாகக் கிடைக்கவில்லை.
கிடைக்காமல் இருப்பதற்குத்தான்
ஒருவருக்குச் சம்பளம், ஒருவருக்குச் சோறு.

பிறகு என் முறை.
எக்ஸ்ரே திரையில்
துணியெல்லாம் பனிமூட்டம்,
தின்பதெல்லாம் ஆரஞ்சு,
இரும்பு மட்டும் நீலம்.

நேற்று மூன்று மணி வண்டிக்கு
ஒரு பைக்குள் நீல நாக்கு நீட்டிக்கொண்டிருந்தது,
நுனியில் வட்டமாய்ப் பற்கள்.
நிறுத்தினேன். யாருடையது?
பின்னாலிருந்து ஒரு கை உயர்ந்தது,
வகுப்பில் விடை தெரியாதவள் தூக்குவதுபோல.
அடையாள அட்டையில் நியாம்வுலா ம்வாச்சிரோ.
சீட்டில் அதே பெயர், ஓர் எழுத்துக் குறைய.
அதை நான் கவனிக்கவில்லை என்று வைத்துக்கொள்ளுங்கள்.

உள்ளே என்ன?
"ம்பூஸி" என்றாள்.

பக்கத்துக் காவலர் பதறிப்போய்
உயிருள்ள பிராணிகளுக்கு அனுமதி இல்லை என்றார்.
துர்கானாக்காரர், புதிதாக மாற்றலாகி வந்தவர்.
எங்கள் கரையோரத்தில்
ஆட்டுக்கும் தேங்காய் துருவிக்கும் ஒரே சொல்
என்று அவருக்கு யார் சொல்லியிருப்பார்கள்?
கால் வைத்த பலகை, நீட்டிய கழுத்து, பல்;
முதுகில் ஏறி உட்கார்ந்துதான் துருவ வேண்டும்.

வரிசை சிரித்தது. அவள் சிரிக்கவில்லை.
நைரோபியில் ஒரு சாப்பாட்டுக் கடையில் வேலை,
விடிந்தால் முதல் நாள்,
அங்கே தேங்காய் பொடியாய்ப் பொட்டலத்தில் வருமாம்,
அதை நம்பி எப்படிக் குழம்பு வைப்பது?

வெட்டும் முனை உள்ள எதுவும் கூடாது, விதி ஏழு.
சுவரில் கத்தி, கத்தரிக்கோல், அரிவாள்
ஒவ்வொன்றும் தன் சிவப்பு வட்டத்துக்குள்.
ஆட்டுக்கு வட்டம் இல்லை.
பல்லைத் தொட்டுப் பார்த்தேன்.
விரல் நுனியில் பொட்டாய் ரத்தம்.
அதற்குமேல் வாதாட எங்கள் இருவரிடமும் ஒன்றும் இல்லை.

வாயில் மூடப் பதினோரு நிமிடம்.
விட்டுவிட்டுப் போ, இல்லையேல் திரும்பிப் போ.
அவள் கேட்டாள்:
பலகைக்குத் தடை உண்டா?

அட்டவணையை இரண்டு முறை படித்தேன்.
பலகைக்குத் தடை இல்லை.

துருப்பிடித்த திருகாணி இரண்டு.
திருப்புளி கிடைத்தது பறிமுதல் பெட்டியில்,
போன வாரம் எவரிடமோ நாங்களே பிடுங்கியது.
முதல் ஆணி வந்தது.
இரண்டாவது வரவில்லை.
வரிசையிலிருந்த பாதிரியார் ஒருவர்
அங்கியைச் சுருட்டிக்கொண்டு மண்டியிட்டார்,
ஏதோ முணுமுணுத்தார்,
ஜெபம்போல் இல்லை அது.
கழன்றது.

கழுத்தில்லாத பலகையை மார்போடு அணைத்து
ஓடினாள்.
சாத்தப் போன கதவில் ஒரு கேள்வி கேட்டது,
அவள் ஒரே சொல்லில் பதில் சொன்னது கேட்டது,
கதவுக்காரர் சிரித்ததும்.

மாலையில் பதிவேட்டில்
பொருளின் பெயர் என்ற கட்டத்தில்
ம்பூஸி, ஒன்று என்று எழுதினேன்.
யோசித்து, பல் மட்டும் என்று சேர்த்தேன்.
மேலதிகாரி கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டார்.
"மீதி ஆடு எங்கே?"

வண்டியில் ஐயா,
இந்நேரம் வோய் தாண்டியிருக்கும்.